கொடியில் எழுதப்படாத கண்டி

இங்கிலாந்தின் வடபுலத்திலே, யோர்க்ஷயர்ப் பகுதியிலே, றிச்மண்ட் என்றொரு சிறு பட்டினம் உண்டு. பட்டினத்தின் நடுவே சந்தைவெளி. சந்தைவெளியின் நடுவே பழைய பரிசுத்த திரித்துவ தேவாலயம். அத்தேவாலயக் கட்டடம் 1973ஆம் ஆண்டிலிருந்து ஒரு காலாட்படையணியின் நூதனசாலையாக இருந்து வருகிறது. கிறீன் ஹவார்ட்ஸ் என்பது அப்படையணியின் பெயர். தமிழிற் சொல்வதானால் பச்சை ஹவார்டுகள்.

இலக்கியத் தொடரொன்றிலே பிரித்தானியக் காலாட்படைக்கு என்ன வேலை என்று நேயர்கள் கேட்கலாம். அதற்கு இரண்டு காரணங்கள் உள்ளன. அப்படையணி 1796 முதல் 1820 வரை, அதாவது 24 ஆண்டுகள், நமது தீவிலே தங்கியிருந்தது என்பது ஒன்று. மற்றது சற்று ஆழமானது. ஒரு மனிதக் கூட்டம் தன் கடந்த காலத்தில் எதை நினைவிற் கொள்கிறது, எதை விட்டுவிடுகிறது என்னும் கேள்வி வரலாற்றாசிரியருக்கு மட்டும் உரியதன்று. புறத்திணை படித்த எவருக்கும் உரிய கேள்வி அது. அக்கேள்வியை வைத்துக்கொண்டு இப்படையணியின் முந்நூறு வருடக் கதையை நோக்க விழைகிறேன்.

1688ஆம் ஆண்டு நவம்பர் மாதம் ஒல்லாந்து இளவரசர் வில்லியம் இங்கிலாந்தின் தென்மேற்குக் கரையிலே படையோடு வந்திறங்கினார். அரசராயிருந்த இரண்டாம் ஜேம்ஸுக்கு எதிராக அவர் பக்கம் சேர்ந்தவர்களுள் பிரான்ஸிஸ் லுட்றெல் என்ற நிலப்பிரபுவும் ஒருவர். சோமர்செற் பகுதியிலுள்ள டன்ஸ்ரர் கோட்டை அவருடையது. தம் அயலிலிருந்து ஆட்களைத் திரட்டி அவர் அமைத்த கூட்டமே பின்னாளில் இந்தப் படையணியாயிற்று. இங்கே ஒன்றைக் கவனிக்க வேண்டும். சோமர்செற் இருப்பது இங்கிலாந்தின் தென்மேற்கில். யோர்க்ஷயர் இருப்பது வடக்கில். பிறந்த மண் ஒன்று, பின்பு பேர் பெற்ற மண் வேறொன்று.

அக்காலத்திலே படையணிகளுக்கு நிலையான பெயர் கிடையாது. யார் கேணலோ அவர் பெயரே படைக்கும் பெயர். கேணல் மாறினால் பெயரும் மாறும். 1738இல் சார்ள்ஸ் ஹவார்ட் என்பவர் இப்படைக்குக் கேணலானார். சில ஆண்டுகளின் பின் பிளாண்டர்ஸ் போர்க்களத்திலே ஒரு சிக்கல் எழுந்தது. அங்கே இன்னொரு படையணிக்கும் ஹவார்ட் என்ற பெயருடைய ஒருவரே கேணல். அவர் தோமஸ் ஹவார்ட். இரண்டு ஹவார்ட் படைகளையும் எவ்வாறு பிரித்தறிவது? சிவப்புச் சட்டையின் கைமடிப்பிலும் கழுத்துப்பட்டியிலும் ஒரு படைக்குப் பச்சைத் துணி, மற்றதற்கு மங்கிய மஞ்சள் துணி. அவ்வளவுதான். ஒன்று பச்சை ஹவார்ட் ஆயிற்று. மற்றது பிற்காலத்திலே 'பவ்ஸ்' என்றே பெயர் பெற்றது. தையற்காரன் வைத்த துணி நிறம் கேணலின் ஆயுளையும் தாண்டி இருநூற்றைம்பது வருடங்களுக்கு மேலாக நிலைத்தது. 1751இல் அரச ஆணையொன்று கேணல்மாரின் பெயர்களை நீக்கிப் படைகளுக்கு இலக்கங்களை உறுதிசெய்தபோது இதற்குக் கிடைத்தது 19. பத்தொன்பதாவது காலாட்படை என்பது ஏட்டுப் பெயர். பச்சை ஹவார்டுகள் என்பது வாய்ப் பெயர். ஏட்டுப் பெயரை வாய்ப் பெயர் வென்றதைப் பின்னர் காண்போம்.

யோர்க்ஷயர் இக்கதைக்குள் வருவது 1782இல். அமெரிக்கக் குடியேற்ற நாடுகளிலே நடைபெற்ற போர் இங்கிலாந்துக்குத் தோல்வியாய் முடிந்துகொண்டிருந்த வேளை அது. படைக்கு ஆள் கிடைப்பது அரிதாயிற்று. காலாட்படையணிகளுக்குக் கவுண்டி எனப்படும் மாவட்டங்களின் பெயரைச் சூட்டினால் அவ்வம்மாவட்ட இளைஞர் உரிமையோடு சேர்வர் என அரசாங்கம் எண்ணியது. அவ்வாறு 19ஆம் படைக்கு யோர்க்ஷயரின் வடபகுதியாகிய நோர்த் றைடிங்கின் பெயர் வழங்கப்பட்டது. பெயர் தாளிலே வந்தது. உறவு அவ்வளவு விரைவில் வரவில்லை. அக்காலப் பிரித்தானியப் படைகளிலே எந்த மாவட்டத்தவரும் இருப்பர். அயர்லாந்து நாட்டு ஏழைகள் பெருந்தொகையினராய் இருப்பர். 1806இல் சட்டம் மாறும்வரை ஒருவன் படையிற் சேர்ந்தால் அது பெரும்பாலும் ஆயுள் முழுவதற்குமான சேவை. ஊரை விட்டுப் போனவன் திரும்பி வருவான் என்று பெற்றோர் எதிர்பார்க்க முடியாது.

அத்தகையோர் 1796இல் இலங்கைக்கு வந்தனர். கரையோர மாகாணங்கள் ஒல்லாந்தரிடமிருந்து ஆங்கிலேயர் கைக்கு மாறிய ஆண்டு அது. கொழும்பு, திருகோணமலை முதலிய கோட்டைகளிலே 19ஆம் படையினர் காவலிருந்தனர். அவர்களுள் எழுத்தார்வம் உடைய ஒருவரும் இருந்தார். கப்டன் றொபேட் பேர்சிவல் என்ற அவர் 1803இல் இலண்டனிலே இலங்கையைப் பற்றி ஒரு நூலை வெளியிட்டார். கொண்டச்சிக் குடாவின் முத்துக்குளிப்பை அவர் வருணித்திருக்கிறார். 1800ஆம் ஆண்டிலே கண்டிக்குச் சென்ற தூதுக் குழுவின் பயணத்தையும் எழுதியிருக்கிறார். ஆங்கிலேயர் ஆட்சிக் காலத்து இலங்கையை ஆங்கில வாசகருக்கு முதன்முதலில் விரிவாக அறிமுகஞ் செய்தவர்களுள் ஒருவர் இப்படையணியைச் சேர்ந்தவர் என்பது நோக்கத்தக்கது. அவருடைய நூல் அச்சேறிய அதே 1803இல்தான் அவருடைய தோழர்கள் கண்டியிலே மடிந்தார்கள்.

அந்தப் போருக்குக் காட்டப்பட்ட காரணம் பாக்கு. புத்தளத்து முஸ்லிம் வியாபாரிகள் கண்டி இராச்சியத்திலே கொள்வனவு செய்த பாக்கை அரசனின் ஆட்கள் பறித்துவிட்டார்கள் என்பது முறைப்பாடு. வியாபாரிகள் ஆங்கிலேயரின் குடிமக்கள்; ஆகவே நட்டஈடு வேண்டும் என்றார் தேசாதிபதி பிரடெரிக் நோர்த். உள்ளபடி அவருடைய நோக்கம் பெரிது. கண்டி மன்னன் ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கனுக்கும் அவனுடைய அதிகாரம் பிலிமத்தலாவைக்கும் இடையிலிருந்த பகையைப் பயன்படுத்தி மலைநாட்டைத் தம் வசப்படுத்தலாம் என அவர் எண்ணினார். 1803 ஜனவரி இறுதியிலே ஜெனரல் மக்டோவல் கொழும்பிலிருந்து புறப்பட்டார். பெப்ரவரித் தொடக்கத்திலே கேணல் பார்பட் திருகோணமலையிலிருந்து புறப்பட்டார். அவரோடு சென்றது 19ஆம் படை. இரு பிரிவினரும் அம்மாதப் பிற்பகுதியில் கண்டியை அடைந்தபோது நகரம் வெறுமையாய்க் கிடந்தது. அரசன் போய்விட்டான், மக்களும் போய்விட்டார்கள், பல இடங்களிலே தீ எரிந்துகொண்டிருந்தது. வந்தவர்கள் நாயக்கர் வமிசத்து முத்துசாமியை வெற்று நகரத்துக்கு அரசனாக்கினார்கள். ஆள்வதற்குக் குடிகள் இல்லாத அரசு அது.

அதன் பின்னர் வந்தது மழையும் காய்ச்சலும். படையின் பெரும்பகுதி கரையோரம் திரும்பியது. கண்டியில் விடப்பட்ட 19ஆம் படையினரும் மலாய் வீரரும் நாள்தோறும் நோயில் விழுந்தனர். கேணல் பார்பட்டும் அந்த நோய்க்கே இரையானார். யூன் மாதத்திலே பொறுப்பு மலாய்ப் படையைச் சேர்ந்த மேஜர் அடம் டேவியின் தலையில் வந்து விழுந்தது. அப்போது 19ஆம் படையினருள் எழுந்து நின்று துப்பாக்கி ஏந்தக்கூடியவர்கள் மிகச் சிலரே. நூற்றுக்கு மேற்பட்டோர் பாயிற் கிடந்தார்கள்.

1803 யூன் 24ஆம் திகதி கண்டியர் தாக்கினர். டேவி சரணடைந்தார். முத்துசாமியோடும் நடக்கக்கூடியவர்களோடும் திருகோணமலைக்குச் செல்ல அனுமதி கிடைத்தது என நம்பிப் புறப்பட்டார். நோயாளிகள் நகரிலே விடப்பட்டார்கள். புறப்பட்டவர்கள் வட்டபுலுவவிலே மகாவலி நதியின் கரையை அடைந்தபோது ஆறு பெருக்கெடுத்து ஓடியது. ஓடமில்லை, கட்டிய தெப்பங்களாலும் பயன் விளையவில்லை. முத்துசாமியை ஒப்படைக்குமாறு அரசனின் ஆட்கள் கேட்டார்கள். டேவி முதலில் மறுத்தார், பின்னர் ஒப்படைத்தார். முத்துசாமி கொல்லப்பட்டான். அடைக்கலம் கொடுத்தவனைக் கையளித்தும் உயிர் மிஞ்சவில்லை. யூன் 26ஆம் திகதி, ஆயுதம் களையப்பட்ட படையினர் சிறுசிறு தொகுதியாய் அழைத்துச் செல்லப்பட்டு வெட்டிக் கொல்லப்பட்டார்கள். நகரிலே நோயுற்றுக் கிடந்தவர்களுக்கும் அதே கதி நேர்ந்தது. டேவி உயிரோடு விடப்பட்டு, ஆண்டுக்கணக்காய்ச் சிறைப்பட்டிருந்து, கண்டி இராச்சியத்திலேயே இறந்தார்.

19ஆம் படையைச் சேர்ந்த கோப்ரல் பார்ன்ஸ்லி என்பவன் பிணங்களிடையே பிணமாய்க் கிடந்து தப்பினான். கழுத்திலே வெட்டுப்பட்டு, தலையை நிமிர்த்த முடியாத நிலையிலே, இரவோடிரவாக ஆற்றைக் கடந்து மாத்தளைப் பக்கமிருந்த மக்டோவல் கோட்டையை அடைந்து செய்தி சொன்னான். கோட்டைக்குப் பொறுப்பாயிருந்தவரும் அதே படையணியின் கப்டன் ஒருவரே. நடக்க முடியாத நோயாளிகளை அங்கேயே விட்டுவிட்டு மற்றவர்களோடு அவர் திருகோணமலைக்குப் பின்வாங்கினார். தலைவர்களின் பெயர் நிரம்பிய அந்த வருடத்து ஏடுகளிலே, சாதாரண வீரன் ஒருவன் பெயரோடு தெரிவது இந்தக் கோப்ரலின் காயத்தாலேதான்.

இவ்விடத்திலேதான் என் கேள்வி வருகிறது. பிரித்தானியக் காலாட்படையணிகள் தம் போர்ச் சிறப்புகளைப் பட்டுக் கொடியிலே எழுதுவது வழக்கம். பச்சை ஹவார்டுகளின் சிறப்புப் பட்டியல் 1709ஆம் ஆண்டின் மல்பிளாக்கேயிலிருந்து தொடங்குகிறது. 1761இன் பெல்லீல் தீவு வருகிறது. பின்னர் கிறிமியாவின் அல்மா, இங்கர்மன், செவஸ்தபோல் வருகின்றன. பெல்லீலுக்கும் அல்மாவுக்கும் இடையிலே தொண்ணூற்று மூன்று ஆண்டுகள். அந்த இடைவெளிக்குள்ளே கிடக்கிறது அவர்களுடைய 24 வருட இலங்கை வாழ்வு. 1803இன் பேரழிவுக்குப் பிறகும் அவர்கள் இங்கேயே இருந்தார்கள். 1815இலே கண்டி இராச்சியம் வீழ்ந்தபோதும் இருந்தார்கள். 1817-18 ஊவாக் கிளர்ச்சி ஈவிரக்கமின்றி அடக்கப்பட்டபோதும் இருந்தார்கள். ஆயினும் கொடியிலே கண்டியும் இல்லை, இலங்கையும் இல்லை. வென்ற களத்துக்கே கொடியில் இடம். காய்ச்சலுக்கும் சரணடைதலுக்கும் இடமில்லை.

கொடியில் இடம்பெற்ற அல்மாவைப் பார்ப்போம். 1854 செப்டெம்பர் 20ஆம் திகதி ரஷ்யரின் பீரங்கி அரணை நோக்கி ஆற்றைக் கடந்து மேடேறிய படைகளுள் 19ஆம் படையும் ஒன்று. அன்று ரஷ்யப் படைகளின் முரசுகள் சிலவற்றை அவர்கள் கைப்பற்றினார்கள். அல்மா நாள் அவர்களுடைய திருநாளாயிற்று. முரசுகள் பேணப்பட்டன, அணிவகுப்பிலே காட்டப்பட்டன. பகைவரின் முரசைக் கவர்வது வெற்றியின் அடையாளம் என்பது சங்கப் பாடல்களைப் படித்த நமக்குப் புதிதன்று. மனிதன் வெற்றியைக் கொண்டாடும் முறை நாட்டுக்கு நாடு அதிகம் வேறுபடவில்லை.

1875இல் வேல்ஸ் இளவரசி அலெக்சாந்திரா செபீல்ட் நகரிலே இப்படைக்குப் புதிய கொடிகளை வழங்கினார். அவர் டென்மார்க் நாட்டு அரச குமாரி. அதனால் அவருடைய முதலெழுத்தும் டென்மார்க்கின் சிலுவையும் 1875 என்ற ஆண்டும் படையணியின் தொப்பிச் சின்னத்திலே ஏறின. இதே காலப்பகுதியிலே ஒவ்வொரு படைக்கும் நிலையான தாய்த்தளம் ஒன்று அமைக்கப்பட்டது. இதற்குக் கிடைத்த தளமே றிச்மண்ட். 1881இல் இலக்கங்களும் கைவிடப்பட்டு, மாவட்டப் பெயர்களே எல்லாப் படைகளுக்கும் உரியனவாயின. 1782இலே தாளில் எழுதிய உறவு நூறு ஆண்டு கழித்துத்தான் இரத்த உறவாயிற்று. றைடிங்கின் விவசாயக் கூலிகளும் மிடில்ஸ்பரோவின் இரும்பாலைத் தொழிலாளரும் தந்தைக்குப் பின் மகன், அண்ணனுக்குப் பின் தம்பி என்று அப்படையிலே சேர்ந்தார்கள். 1920இலே 'கிறீன் ஹவார்ட்ஸ்' என்ற வாய்ப் பெயரே அதிகாரபூர்வப் பெயரின் தலைப்பாயிற்று.

மாவட்ட உறவின் பெருமை எதுவோ அதுவே அதன் கொடுமையுமாகும். ஓர் ஊர் இளைஞரெல்லாம் ஒரே படையிற் சேர்ந்தால் ஒரு காலைப் பொழுதிலே ஒரு தெருவின் பிள்ளைகள் எல்லோரும் இறந்துபோகலாம். முதலாம் உலகப் போரிலே இப்படையணி 24 பற்றாலியன்களாய்ப் பெருகியது. சுமார் 65,000 பேர் அதில் சேவை செய்தனர். 7,500க்கு மேற்பட்டோர் மடிந்தனர். 1916 யூலை முதலாந் திகதி பிரான்ஸிலே சொம் நதிப் பக்கத்துப் போர் தொடங்கியபோது, பதுங்குகுழியிலிருந்து மேலேற அஞ்சிய தம் ஆட்களை, இயந்திரத் துப்பாக்கிச் சூட்டுக்கு நடுவே மேட்டில் நின்று கைகொடுத்து ஏற்றிவிட்டார் மேஜர் ஸ்ருவட் லவுடன் ஷாண்ட். அங்கேயே படுகாயமுற்று இறந்தார். அவருக்கு விக்டோரியாச் சிலுவை வழங்கப்பட்டது. அவர் 1879இல் இலங்கையிலே பிறந்தவர். தோட்டத்துரை ஒருவரின் மகன். நான்கு நாட்களின் பின் அதே விருதுக்குரிய செயலைச் செய்தவர் டொனல்ட் பெல் என்ற பாடசாலை ஆசிரியர். பிராட்போர்ட் கழகத்தின் காற்பந்து வீரரும் அவரே. யூலை 10ஆம் திகதி அவரும் கொல்லப்பட்டார். வகுப்பறையிலே நிற்பவன் என்ற முறையில், கரும்பலகையை விட்டுப் போய், போர்க்களத்திலே ஒரே வாரத்தில் புகழும் மரணமும் பெற்ற அந்த ஆசிரியரை என்னால் எளிதிற் கடந்துபோக முடியவில்லை.

இரண்டாம் உலகப் போரிலே இப்படையணி இழந்தவர்களுள் ஒருவரைக் கிரிக்கெட் ரசிகர்கள் அறிவர். 1932இலே பத்து ஓட்டங்களுக்குப் பத்து விக்கெட்டுகளையும் வீழ்த்திய யோர்க்ஷயரின் இடக்கைச் சுழற்பந்து வீரர் ஹெட்லி வெறிட்டி இப்படையின் கப்டன். 1943 யூலையிலே சிசிலித் தீவிற் காயமுற்றுச் சிறைப்பட்டு, அம்மாதம் 31ஆம் திகதி இத்தாலியிலே இறந்தார். மறு ஆண்டு யூன் 6ஆம் திகதி நோர்மண்டிக் கரையிறக்கத்திலே மிடில்ஸ்பரோவைச் சேர்ந்த ஸ்ரான்லி ஹொலிஸ் காட்டிய வீரத்துக்கு விக்டோரியாச் சிலுவை கிடைத்தது. அந்த நாளின் செயலுக்கென வழங்கப்பட்ட ஒரேயொரு விக்டோரியாச் சிலுவை அதுதான். போரின் பின் அவர் ஒரு மதுச்சாலை நடத்தினார். அதற்கு வைத்திருந்த பெயர் 'கிறீன் ஹவார்ட்'.

இருநூற்றைம்பது வருடங்களுக்கு மேற்பட்ட அப்பெயர் 2006 யூன் 6ஆம் திகதி தனிப் படையணியின் பெயராக இருப்பது நின்றது. படைக் குறைப்பின்போது யோர்க்ஷயரின் மூன்று படையணிகள் ஒன்றாக்கப்பட்டு யோர்க்ஷயர் படையணி என்ற புதுப் பெயர் பெற்றன. நோர்மண்டி நினைவு நாளே அந்தப் பெயர் ஓய்ந்த நாளாகவும் அமைந்தது.

கண்டியை அப்படையணி முற்றாக மறந்துவிட்டது என்று சொன்னால் அது நியாயமாகாது. ஜெப்ரி பவல் என்ற கேணல் அப்படையணியைச் சேர்ந்தவர், வரலாற்றாசிரியர். தம் படையணியின் வரலாற்றை எழுதியவர் அவரே. 1973இலே கண்டிப் போர்கள் பற்றி, 1803 முதல் 1818 வரையான காலத்தை ஆராய்ந்து, தனி நூலொன்றும் எழுதினார். கொடியில் இடம்பெறாத களத்துக்கு அந்தக் கொடியின் கீழ் வாழ்ந்தவரே ஒரு முழு நூல் ஒதுக்கினார். படைவீரன் ஒருவன் தன் படைக்குச் செய்யக்கூடிய நேர்மையான கடன் அதுவென்றே கருதுகிறேன்.

கண்டியர் பக்கத்திலும் நினைவு இருக்கிறது. 1803இன் வெற்றியைப் பாடுவதற்கு 'இங்கிரிசி ஹட்டன' என்ற சிங்களப் போர்க்காவியம் எழுந்தது. ஒரே மழைக்காலம், ஒரே ஆறு. ஒரு பக்கத்தார்க்கு அது காவியத்துக்குரிய வெற்றி, மறு பக்கத்தார்க்குக் கொடியில் எழுத முடியாத தோல்வி. இரண்டுக்கும் வெளியே நிற்பவர் பலர். தம் தாயகம் அல்லாத தேசத்திலே, தமக்குரியதல்லாத போரில் இறந்த மலாய் வீரர், சுமை தூக்கிய கூலியாட்கள், அரசனாக்கப்பட்டுப் பின் கைவிடப்பட்ட முத்துசாமி ஆகியோருக்குக் கொடியுமில்லை, காவியமுமில்லை.

தொல்காப்பியம் நடுகல்லின் நிலைகளை ஆறாகச் சொல்கிறது: காட்சி, கால்கோள், நீர்ப்படை, நடுதல், பெரும்படை, வாழ்த்து. பிரித்தானியப் படைக்கொடிக்கும் இதுபோன்ற சடங்குகள் உள்ளன. கொடி அருட்தந்தையரால் ஆசீர்வதிக்கப்படுகிறது. அரச குடும்பத்தவர் கையால் வழங்கப்படுகிறது. பழையதானதும் தேவாலயத்திலே தொங்கவிடப்பட்டு நூல் நூலாய் உதிரும்வரை பேணப்படுகிறது. கல்லும் கொடியும் புகழைப் பேசப் பிறந்தவை. அவற்றிடம் வேறெதையும் எதிர்பார்ப்பது பொருந்தாது. புகழுக்கு உரியதல்லாத சாவுகளை எழுதிவைப்பது வரலாற்றின் வேலை.

கண்டிக்கு அண்மையிலே வட்டபுலுவவில் அந்த இடத்தை இன்றும் டேவி மரம் என்று சுட்டுவார்கள். கொல்லப்பட்டவர்களின் பெயரால் அன்றி, கையளித்துவிட்டு உயிர் தப்பிய தலைவனின் பெயரால் அது நிற்கிறது. அவ்வழியே போகும் அன்பர்கள், யோர்க்ஷயரின் பெயரைத் தாங்கி வந்து காய்ச்சலிற் கிடந்தபடியே இறந்த பெயரறியாத கூலிப் படையாளையும், அவனோடு மடிந்த மலாய்க்காரனையும், வெற்று நகரத்துக்கு அரசனான முத்துசாமியையும் ஒரு கணம் எண்ணிப் பார்ப்பார்களாயின் அதுவே போதுமானது.